இளவெயிலும் உச்சிவெயிலும்

பச்சைக்குழந்தையைக் காலை இளவெயிலில் காட்டு. உச்சிவெயிலில் வெளியே போகாதே. போவதானால் சன்ஸ்கிரீன் பூசிக்கொள். ரத்தத்தில் வைட்டமின் டி குறைந்திருக்கிறது, வாரத்துக்கு ஒன்றாக 60,000 யூனிட் மாத்திரை போடு. இந்த நான்கு அறிவுரைகளும் தமிழ்நாட்டில் ஒரே வீட்டுக்குள் ஒரே வாரத்தில் கேட்கக்கூடியவை. வெயிலைத் தேடு என்கிறது ஒன்று, வெயிலுக்கு அஞ்சு என்கிறது இன்னொன்று, வெயில் பற்றவில்லை என்கிறது மற்றொன்று. இவற்றில் எதுவும் வெறும் மூடநம்பிக்கை இல்லை. ஒவ்வொன்றும் ஏதோ ஓர் ஊரில், ஏதோ ஒரு தோலுக்கு, ஏதோ ஒரு நோய்க்கு உண்மையாக இருந்திருக்கிறது. ஆனால் வெயில் பற்றிய அறிவுரை, அது பிறந்த அட்சரேகையையும் அது யாருடைய தோலைப் பார்த்துச் சொல்லப்பட்டதோ அந்தத் தோலையும் விட்டு நகர்ந்தால் பொருள் மாறிவிடுகிறது. இன்று நான் நிறுவ விரும்புவது இது ஒன்றைத்தான்.

முதலில் வெயிலைப் பார்ப்போம். தரைக்கு வந்து சேரும் சூரிய ஒளியில் கண்ணுக்குத் தெரியும் ஒளியும், சூடாக உணரும் அகச்சிவப்பும், கண்ணுக்குத் தெரியாத புறஊதாக் கதிரும் கலந்திருக்கின்றன. புறஊதாவில் இரண்டு வகை நமக்கு முக்கியம். 315 முதல் 400 நானோமீட்டர் வரையிலானது ஏ வகை. காலை முதல் மாலை வரை ஓரளவு இருந்துகொண்டே இருக்கும், கண்ணாடியைத் துளைக்கும், தோலின் அடியடுக்கு வரை போகும். 280 முதல் 315 வரையிலானது பி வகை. தரைக்கு வரும் புறஊதாவில் மிகச் சிறிய பங்கு, ஜன்னல் கண்ணாடியே அதைத் தடுத்துவிடும். தோலிலுள்ள ஒருவகைக் கொழுப்புப்பொருளை வைட்டமின் டியாக மாற்றும் வேலையைச் செய்வது இந்தச் சிறுபான்மைதான். தோலைக் கருக்குவதும் பெரும்பாலும் அதுவே. சூரியன் சாய்ந்திருக்கும்போது ஒளி காற்றுமண்டலத்தில் நெடுந்தூரம் பயணம் செய்கிறது, வழியிலேயே ஓசோன் பி வகையை விழுங்கிவிடுகிறது. எனவே கேள்வி சூரியன் எவ்வளவு உயரத்தில் நிற்கிறது என்பதில் வந்து முடிகிறது. நம் நிழல் நம்மைவிடக் குட்டையாக இருந்தால் தோலில் வைட்டமின் டி நன்றாக உருவாகும் என்பது தோராயமான, ஆனால் பயனுள்ள கணக்கு. 13 பாகையில் இருக்கும் சென்னையில், ஆண்டிலேயே சூரியன் மிகத் தாழ்ந்து போகும் டிசம்பர் பிற்பகுதியிலும், நடுப்பகலில் அது 53 பாகை உயரத்தில் நிற்கிறது. ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோவில் அதே நாளில் 11 பாகையைத் தாண்டுவதில்லை. பாஸ்டன் நகரில் நவம்பர் முதல் பிப்ரவரி வரை எவ்வளவு நேரம் வெயிலில் நின்றாலும் தோலில் வைட்டமின் டி உருவாவதில்லை என்பதை வெப், ஹோலிக் குழுவினர் 1988இல் காட்டினார்கள்.

இதை வைத்துக்கொண்டு நம் காலை இளவெயிலுக்கு வருவோம். காலை 7 மணி வெயிலில் வைட்டமின் டி கிடைக்கும் என்று மருத்துவமனைச் சுவரொட்டிகள்கூடச் சொல்கின்றன. ஆனால் சென்னையில் அந்த நேரத்துச் சூரியன் பாஸ்டனின் குளிர்காலச் சூரியனைப் போலத் தாழ்ந்து கிடக்கிறது. ஹரிநாராயணும் உடன் ஆய்வாளர்களும் திருப்பதியில் அளந்து பார்த்து, வைட்டமின் டி உருவாகத் தக்க நேரம் முற்பகல் 11 முதல் பிற்பகல் 2 வரை என்றார்கள். நாம் குடையைத் தேடும் நேரம் அது. அப்படியானால் குழந்தையை இளவெயிலில் காட்டிய வழக்கம் வீணா? இல்லை, அது வேறொரு வேலையைச் செய்தது. 1956இல் இங்கிலாந்தின் எஸெக்ஸ் பகுதியிலுள்ள ராச்ஃபோர்ட் மருத்துவமனையில் வார்டு என்ற செவிலியர், குறைமாதக் குழந்தைகளை முற்றத்து வெயிலுக்கு எடுத்துப் போவார். ஒரு குழந்தையின் உடம்பில் துணி மூடியிருந்த பகுதி மட்டும் மஞ்சளாக இருக்க, வெயில் பட்ட இடமெல்லாம் வெளுத்திருந்ததை மருத்துவர்களிடம் அவர் காட்டினார். 1958இல் கிரீமர் குழுவினர் இதை ஆய்வாக வெளியிட்டார்கள். இன்று ஒவ்வொரு பிரசவ மருத்துவமனையிலும் எரியும் நீலவிளக்கு அங்கிருந்து வந்ததுதான். மஞ்சள்காமாலையின் பிலிருபினை மாற்றுவது 460 நானோமீட்டரை ஒட்டிய நீல ஒளி. அது இளவெயிலில் உண்டு, கண்ணாடிக்கு உள்ளேயும் வரும். நைஜீரியாவில் புறஊதாவையும் சூட்டையும் வடிகட்டும் தாளைக் கூரையாகப் போட்டு, அதன்கீழ் குழந்தைகளைப் படுக்கவைத்துச் செய்த சிகிச்சை விளக்குச் சிகிச்சைக்குக் குறையவில்லை என்று 2015இல் வெளியான ஆய்வு சொல்கிறது. காமாலை கடுமையாக இருக்கும்போது திறந்த வெயிலை நம்பியிருப்பது ஆபத்து, அது வேறு விஷயம். காமாலைக்காக ஏற்பட்ட வழக்கத்தின் மேல் பிற்காலத்தில் வைட்டமின் என்ற காரணத்தை ஒட்டவைத்துவிட்டோம் என்றே நினைக்கிறேன். வழக்கம் நிலைத்தது, அதன் வேலை மறந்துபோயிற்று.

இனித் தோல். கறுத்தவருக்கும் வெளுத்தவருக்கும் மெலனின் செய்யும் செல்களின் எண்ணிக்கை ஏறத்தாழ ஒன்றே. அவை செய்யும் நிறமியின் வகையிலும், நிறமிப் பொட்டலங்களின் அளவிலும் பரவலிலும்தான் வேறுபாடு. பி வகைக் கதிரில் 7 விழுக்காடு அளவே கறுப்பர்களின் மேல்தோலைக் கடந்து உள்ளே போகிறது, வெள்ளையர்களிடம் 24 விழுக்காடு போகிறது என்று 1979இல் கைட்பே குழுவினர் அளந்தார்கள். இந்தத் தடுப்பு ஏன் ஏற்பட்டது என்பதில் வழக்கு இன்னும் முடியவில்லை. தோல் புற்றுநோயைத் தடுக்கத்தான் என்பது பழைய விடை. பிள்ளைப்பேறு முடிந்த வயதில் வரும் நோய் பரிணாமத்தைத் திருப்ப முடியாது என்று புளூம் 1961இல் அதை மறுத்தார். ரத்தத்திலுள்ள ஃபோலேட்டைப் புறஊதா சிதைக்கிறது என்று பிராண்டாவும் ஈட்டனும் 1978இல் காட்டினார்கள். தாய்க்கு ஃபோலிக் அமிலம் கொடுத்தால் அடுத்த குழந்தைக்குத் தண்டுவடக் குறை மீண்டும் வருவது 72 விழுக்காடு குறைகிறது என்பதைப் பிரிட்டிஷ் மருத்துவ ஆராய்ச்சி மன்றத்தின் 1991ஆம் ஆண்டு ஆய்வு நிறுவியது. இரண்டையும் இணைத்து, கறுப்பு நிறம் கருவைக் காக்க வந்தது என்று நினா ஜப்லான்ஸ்கியும் ஜார்ஜ் சாப்லினும் 2000இல் வாதிட்டார்கள். அழகான வாதம், ஆனால் கறுத்த தோலுள்ள பெண்ணிடம் வெயில் அந்த அளவுக்கு ஃபோலேட்டைக் குறைக்கிறது என்பதற்கு நேரடிச் சான்று மெலிது. ஆப்பிரிக்காவில் பிறவியிலேயே நிறமி இல்லாதவர்கள் இளவயதிலேயே தோல் புற்றுநோய்க்குப் பலியாகிறார்கள் என்பதைச் சுட்டி, 2014இல் மெல் கிரீவ்ஸ் பழைய விடையைத் திரும்பக் கொண்டுவந்தார். எந்தக் காரணம் வென்றாலும் என் வாதத்துக்குக் குந்தகம் இல்லை. பூமத்தியரேகைப் பகுதியில் கறுப்பு உயிர்காத்தது என்பதில் இரு தரப்புக்கும் உடன்பாடே.

வடக்கே வெளுத்தது ஏன் என்பதற்கு வைட்டமின் டி என்ற விடையை 1967இல் லூமிஸ் முன்வைத்தார். வட துருவத்தை ஒட்டி வாழும் இனுயிட் மக்கள் ஏன் வெளுக்கவில்லை என்பது அதற்கு உடனே எழுந்த தடை. அவர்கள் உணவு கொழுப்பு மீனும் கடல்விலங்கும். வைட்டமின் டி தட்டிலேயே கிடைத்தது. அண்மைக்கால மரபணு ஆய்வுகள் இந்தப் பதிலுக்கு எதிர்பாராத வலு சேர்க்கின்றன. ஸ்பெயினில் கிடைத்த 7,000 ஆண்டுப் பழைய வேட்டைச் சமூக மனிதனின் மரபணுவைப் படித்தபோது, தோல் கறுப்பு, கண் நீலம் என்று தெரிந்தது. ஐரோப்பாவுக்கு வந்து பல்லாயிரம் ஆண்டுகள் கழிந்தும் அவன் வெளுக்கவில்லை. மீனும் இறைச்சியும் போய்த் தானியம் முதன்மை உணவான பிறகே அங்கு வெளுப்பு வேகமெடுத்தது என்று பலர் கருதுகிறார்கள். ஆக நிறம் வெயிலுக்கு மட்டும் கட்டுப்பட்டதில்லை, சோற்றுக்கும் கட்டுப்பட்டது. திருமணத்துக்கும்தான்: ஐரோப்பியரை வெளுக்கவைத்த எஸ்எல்சி24ஏ5 என்னும் மரபணுவின் மாற்றம் 2005இல் வரிக்குதிரைமீன் ஆய்வின் வழியே அடையாளம் காணப்பட்டது, அதே மாற்றம் இந்தியாவிலும் பரவலாக உண்டு, ஐரோப்பியருடன் பொதுவான தோற்றத்தோடு. ஒரே தமிழ்க் குடும்பத்தில் அக்காள் மாநிறமாகவும் தங்கை கறுப்பாகவும் இருப்பதற்கு வெயில் பொறுப்பில்லை.

இப்படிப் பல காரணங்கள் கூடி ஓர் இடத்துக்கென்று அமைந்த தோல், கப்பலேறிப் போனால் என்ன ஆகும்? ஆஸ்திரேலியா ஒரு முனை. பிரிட்டனிலிருந்தும் அயர்லாந்திலிருந்தும் போனவர்களின் வழிவந்தோர் குயின்ஸ்லாந்து வெயிலில் வாழ, உலகிலேயே மெலனோமா என்னும் தோல் புற்றுநோய் மிகுந்த நாடுகளில் ஒன்றாக அது ஆயிற்று. 1981இல் சட்டை போடு, களிம்பு பூசு, தொப்பி வை என்ற இயக்கம் அங்கே தொடங்கியது. செயற்கை வெயில் படுக்கைகளுக்குப் பின்னாளில் தடையே வந்தது. வெயில் ஓர் எதிரி என்று உலகம் முழுவதும் இன்று சொல்லப்படும் எச்சரிக்கையில் பெரும்பங்கு இந்தத் துயரத்திலிருந்து பிறந்தது. புறஊதாக் குறியீடு 3ஐத் தொட்டதும் காப்பு தேவை என்பது உலக அளவிலான விதி. சென்னையில் ஆண்டின் எந்த மாதத்திலும் நடுப்பகலில் அதைத் தாண்டியே இருக்கும். கிளாஸ்கோ மறு முனை. அங்கே குடியேறிய பாகிஸ்தானியக் குடும்பங்களில், குழந்தைகளின் எலும்பை வளைக்கும் ரிக்கெட்ஸும் எலும்பு மென்மை நோயும் காணப்படுவதை 1962இல் டன்னிகன் குழுவினர் எழுதினார்கள். குழந்தைகளுக்கு வைட்டமின் டி துளிகள் தந்ததும் நோய் குறைந்தது. கறுத்த தோல் வடக்குக்கு ஒவ்வாது என்பதற்கு இதையே சான்றாகக் காட்டுவோர் உண்டு. அவர்கள் அதே நகரின் பழைய கதையை மறந்துவிடுகிறார்கள். 19ஆம் நூற்றாண்டில் கிளாஸ்கோவின் வெள்ளைக் குழந்தைகளே ரிக்கெட்ஸால் கால் வளைந்து நடந்தார்கள். அந்தத் தோல் அந்த மண்ணுக்கென்றே அமைந்தது. இடையில் நின்றது நிலக்கரிப் புகையும் குறுகிய சந்தும்.

தோலைவிட வாழ்முறை முந்திக்கொள்ளும் இந்த உண்மையை முதலில் தெளிவாகப் பார்த்தவர் தியோபால்ட் பாம். ஜப்பானில் மிஷன் மருத்துவராக இருந்து இங்கிலாந்து திரும்பிய அவர், அங்கே காணாத ரிக்கெட்ஸ் இங்கே மலிந்திருப்பதைக் கண்டு, பல நாடுகளின் மிஷன் மருத்துவர்களிடம் தகவல் கேட்டுத் தொகுத்தார். ஏழ்மையும் மோசமான உணவும் எங்கும் இருக்க, வெயிலற்ற நகரங்களில்தான் நோய் இருக்கிறது என்று 1890இல் எழுதினார். வைட்டமின் என்ற கருத்தே அப்போது பிறக்கவில்லை. இதற்கு நிகரான இந்தியச் சான்று 1922இல் ஹட்சிசனும் ஷாவும் வெளியிட்டது. மேற்கிந்தியாவில் அரைவயிற்றுக் கஞ்சியோடு வயலில் உழைத்த ஏழைகளின் பிள்ளைகளுக்கு ரிக்கெட்ஸ் இல்லை. நன்றாக உண்டு, பர்தாவுக்குள் வாழ்ந்த வசதியான குடும்பங்களின் சிறுமிகளுக்கும் தாய்மாருக்கும் இருந்தது. வெயில் ஒன்று, நிறமும் ஏறத்தாழ ஒன்று. இடையில் இருந்தது சுவர். நூறாண்டுக்குப் பிறகு நம் நகரங்களில் அந்தச் சுவரை வேறு பெயர்களில் கட்டிக்கொண்டிருக்கிறோம்: அடுக்குமாடி, குளிரூட்டிய அலுவலகம், இரவுப் பணி, கறுத்துவிடுவோம் என்ற அச்சம். நிறம் வெளுக்கும் என்று ஆசைகாட்டிய களிம்பு 1975 முதல் இந்நாட்டில் விற்றது. விளம்பரங்கள் பெண்களுக்குக் கற்பித்தது வெயிலிலிருந்து ஒளிவதைத்தான்.

இங்கே ஒரு தடை எழும். இவ்வளவு வெயில் அடிக்கும் நாட்டில் ஆய்வுக்கு ஆய்வு வைட்டமின் டி குறைவு தென்படுவதற்குக் கறுத்த தோல்தானே காரணம்? தான்சானியாவின் மசாய், ஹட்ஸா மக்கள் அதற்கு விடை. நம்மைவிடக் கறுத்தவர்கள், நாளெல்லாம் வெளியில் திரிபவர்கள். அவர்கள் ரத்தத்தில் சராசரி அளவு மில்லிலிட்டருக்கு 46 நானோகிராம் என்று 2012இல் வெளியான ஆய்வு காட்டியது. கறுத்த தோல் வைட்டமினைத் தடுப்பதில்லை, தாமதப்படுத்துகிறது. தேவைக்கு மேல் உருவானால் அதைச் சிதைத்துவிடும் ஏற்பாடும் தோலில் உண்டு. எனவே வெயிலால் வைட்டமின் நஞ்சாகி யாரும் பாதிக்கப்படுவதில்லை. குறைவு என்று எதைச் சொல்கிறோம் என்பதும் கேட்கவேண்டிய கேள்வி. 20 நானோகிராம் பெரும்பாலோருக்குப் போதும் என்றது அமெரிக்க மருத்துவ நிறுவனம். 30 வேண்டும் என்றது 2011இல் அந்நாட்டு நாளமில்லாச் சுரப்பியியல் சங்கம். அச்சங்கமே 2024இல் அந்த எல்லையைக் கைவிட்டு, நலமாக இருப்பவர்களுக்குப் பொதுப் பரிசோதனை வேண்டாம் என்றது. இடைப்பட்ட ஆண்டுகளில் அந்தக் கோட்டுக்குக் கீழே விழுந்த இந்தியர்களுக்கு நாம் எழுதிய மாத்திரைச் சீட்டுகளை என்னவென்று சொல்வது? எலும்பு மெலிவதற்கெல்லாம் வெயில் பஞ்சமே காரணம் என்பதும் சரியில்லை. வெயிலுக்குக் குறைவில்லாத நைஜீரியாவில் ரிக்கெட்ஸ் வந்த குழந்தைகளுக்கு வைட்டமின் டியைவிடக் கால்சியமே நன்றாகக் கேட்டது என்று 1999இல் தாச்சர் குழுவினர் காட்டினார்கள். கால்சியம் குறைந்த, தானியத்தில் சாய்ந்த நம் உணவையும் திருப்பதி ஆய்வாளர்கள் இதே காரணத்துக்காகக் குறைகூறினார்கள்.

இன்னொரு தடை கனமானது. உச்சிவெயிலைப் பரிந்துரைத்தால் புற்றுநோயைப் பரிந்துரைப்பதாகாதா? ஆஸ்திரேலியத் தோலுக்கு ஆகும். நம் தோலுக்கு ஆகும் என்பதற்குச் சான்று இல்லை. நிறத்தோல் மக்களிடம் புறஊதாவுக்கும் மெலனோமாவுக்கும் உள்ள தொடர்பைத் தேடிய 13 ஆய்வுகளை 2021இல் ஒருங்கே சீர்தூக்கியபோது, 11இல் தொடர்பே தென்படவில்லை. கறுத்தவர்களுக்கு மெலனோமா வராமல் இல்லை; பாடகர் பாப் மார்லி 1981இல் இறந்தது கால்விரல் நகத்தடியில் தோன்றிய மெலனோமாவால். ஆனால் அது உள்ளங்கால், உள்ளங்கை, நகத்தடி என்று வெயில் எட்டாத இடங்களில் பெரும்பாலும் வருவது. சன்ஸ்கிரீன் அதைத் தடுக்காது. சன்ஸ்கிரீன் பூசினோம் என்ற நிம்மதி, பாதத்தைப் பார்க்கவிடாமல் செய்யக்கூடும். தோலை வகைப்படுத்த மருத்துவர்கள் கையாளும் ஃபிட்ஸ்பாட்ரிக் அளவுகோலே 1975இல் வெள்ளைத் தோல் எப்படிக் கருகுகிறது என்று பிரிக்க எழுந்தது. பழுப்பும் கறுப்பும் பிறகு ஐந்தாம், ஆறாம் வகையாக ஓரத்தில் சேர்க்கப்பட்டவை. அந்த அளவுகோல் எந்த ஒளிச்சிகிச்சைக்காக வந்ததோ, அதன் மருந்தான சொராலென் நம் கார்போகரிசியில் உள்ள பொருள்; வெண்புள்ளிக்குக் கார்போகரிசியையும் வெயிலையும் சேர்த்துத் தரும் முறை சித்த மருத்துவத்திலும் ஆயுர்வேதத்திலும் பழையது. மருந்து இங்கேயும் விளைந்தது, அளவுகோல் மட்டும் இறக்குமதி. வெயிலால் நம் தோலுக்குத் தீங்கே இல்லை என்று நான் சொல்லவில்லை. மங்கு வருகிறது, சில மருந்துகள் உண்போருக்கும் லூபஸ் நோயாளிகளுக்கும் வெயில் கொடியது. ஆனால் கறுத்த தோலில் மங்கைக் கூட்டுவதில் கண்ணுக்குத் தெரியும் ஒளிக்கும் பங்குண்டு. நிறமற்ற சன்ஸ்கிரீன் அதைத் தடுப்பதில்லை, இரும்பு ஆக்சைடு கலந்த நிறக்களிம்பே தடுக்கும். அக்னி நட்சத்திர வெயிலில் சாலை போடும் தொழிலாளியைக் கொல்வது சூடு; அவருக்கு வேண்டியது நிழலும் தண்ணீரும் ஓய்வும். சூட்டின் ஆபத்தையும் கதிரின் ஆபத்தையும் ஒன்றாகக் குழப்பிக்கொண்டதால், ஜனவரி மாத நடுப்பகலில் பத்து நிமிடம் வெளியே நிற்கவும் அஞ்சுகிறோம்.

மாத்திரை இருக்க வெயில் எதற்கு என்பது கடைசித் தடை. 25,871 பேரிடம் அமெரிக்காவில் நடந்த வைட்டல் ஆய்வில் நாளுக்கு 2,000 யூனிட் வைட்டமின் டி புற்றுநோயையோ மாரடைப்பையோ குறைக்கவில்லை. நலமாக இருந்தவர்களிடம் எலும்பு முறிவையும் குறைக்கவில்லை. குறைவு உள்ளவருக்கு மாத்திரை மருந்து. மற்றவருக்குப் பெரும்பாலும் வீண்செலவு. வெளியே வர முடியாத முதியவர்களுக்கு எண்ணெயிலும் பாலிலும் வைட்டமின் சேர்ப்பது நல்ல வழி. அதற்கான இந்திய விதிகள் 2018இல் வந்துவிட்டன. ஆஸ்திரேலியாவே 2024இல் தன் அறிவுரையைத் தோலுக்கேற்ப மூன்றாகப் பிரித்து, மிகக் கறுத்த தோலினர் அன்றாடம் சன்ஸ்கிரீன் பூசத் தேவையில்லை என்றது. நமக்கு ஊருக்கேற்பவும் பிரிக்கவேண்டியிருக்கும். டெல்லியில் டிசம்பர் நடுப்பகல் சூரியன் 38 பாகைதான். அதற்கும் மேல் புகை. டொராண்டோவின் அட்சரேகை பாஸ்டனை ஒட்டியது. யாழ்ப்பாணத்திலிருந்து தொலைபேசியில், பிள்ளையை விடிய இளவெயிலில் பிடி என்று ஓர் அம்மம்மா அங்கே பிள்ளை பெற்ற பேத்திக்கு ஜனவரியில் சொன்னால், காமாலையைப் பொறுத்தவரை ஜன்னல் ஒளி சிறிது உதவலாம். வைட்டமினைப் பொறுத்தவரை டொராண்டோ வெயிலும் உதவாது, யாழ்ப்பாணத்து விடிகாலை வெயிலும் உதவாது. தாய்ப்பால் குடிக்கும் குழந்தைக்கு நாளுக்கு 400 யூனிட் துளி கொடு என்று கனடா சொல்கிறது. முதல் ஓராண்டுக்கு அதே அளவைத்தான் இந்தியக் குழந்தை மருத்துவர் சங்கமும் சொல்கிறது.